ஒப்பந்தத்தின் பின்பக்கம்

அன்புள்ள ஐயா,

கோவையில் சட்டம் இறுதியாண்டு படிக்கிறேன். உங்கள் கட்டுரைகளைத் தொடர்ந்து வாசித்து வருகிறேன். இந்தப் பருவத்தில் எனக்குக் கொடுத்த கருத்தரங்கத் தலைப்பு, வெவ்வேறு நாடுகளின் தனியார் சட்டங்களை ஒன்றோடொன்று இசையச் செய்வது பற்றியது. ஒப்பந்தம், விற்பனை போன்றவற்றுக்கு எல்லா நாடுகளுக்கும் பொதுவான விதிகளை ரோமிலும் வியன்னாவிலும் உட்கார்ந்து எழுதுகிறார்கள். படிக்கப் படிக்க இது ஒரு புதுக் காலனியம் என்றே எனக்குப் படுகிறது. சட்டம் என்பது ஒரு மண்ணில் விளைவதல்லவா? ஐரோப்பிய ஒன்றியமே தனக்கென்று ஒரு பொது விற்பனைச் சட்டம் கொண்டுவரப் பார்த்து, 2014ல் கைவிட்டுவிட்டது. நாடுகளுக்கிடையே சரக்கு விற்பதற்குப் பொது விதிகள் வகுத்த 1980ன் வியன்னா உடன்படிக்கையில் இந்தியா சேராமல் இருப்பது சரிதான் என்று நினைக்கிறேன்.

என் கேள்வி: மேற்படிப்புக்கு இந்தத் துறையை எடுக்கலாமா? இதில் எதிர்காலம் உண்டா? எந்தப் புத்தகத்தில் தொடங்குவது?

அன்புடன்,
ஆர்.

அன்புள்ள ஆர்.,

உங்கள் கடிதம் வந்த நேரத்தில் நானும் இதையேதான் யோசித்துக்கொண்டிருந்தேன். திருப்பூரில் பின்னலாடை ஏற்றுமதி செய்யும் உறவுக்காரப் பையன் ஒருவன் போன மாதம் வாட்ஸப்பில் ஒரு பர்ச்சேஸ் ஆர்டரை அனுப்பியிருந்தான். நெதர்லாந்து பையர். முன்பக்கத்தில் சைஸ், கலர், விலை, ஷிப்மென்ட் தேதி. பின்பக்கம் முழுக்கப் பொடி எழுத்தில் நிபந்தனைகள். அதில் ஒரு வரியை வட்டம் போட்டிருந்தான். இந்த ஒப்பந்தத்துக்கு நெதர்லாந்துச் சட்டம் பொருந்தும், சர்வதேசச் சரக்கு விற்பனை பற்றிய ஐ.நா. உடன்படிக்கை பொருந்தாது என்று இருந்தது. "மாமா, டி-ஷர்ட் விக்கிறதுக்கு ஐ.நா. எங்க வந்துச்சு?" என்று கேட்டிருந்தான்.

நீங்கள் காலனியம் என்று சொல்லும் அதே வியன்னா உடன்படிக்கைதான் அது. 90க்கும் மேற்பட்ட நாடுகள் அதில் இருக்கின்றன. நம் ஏற்றுமதியாளர்களோடு போட்டி போடும் சீனா 1988லிருந்து, துருக்கி 2011லிருந்து, வியட்நாம் 2017லிருந்து. இந்தியா இல்லை, பிரிட்டனும் இல்லை.

முதலில் உங்களைக் கொஞ்சம் திட்ட வேண்டும். மண்ணில் விளைந்த சட்டம் என்கிறீர்கள். நீங்கள் மூன்று வருடமாக மனப்பாடம் செய்யும் 1872ன் ஒப்பந்தச் சட்டம் எந்த மண்ணில் விளைந்தது? லண்டனில் உட்கார்ந்த சட்ட ஆணையம் வரைந்து அனுப்பியது அது. 1930ன் சரக்கு விற்பனைச் சட்டம், பிரிட்டனின் 1893 சட்டத்தைப் பெரும்பாலும் பிரிவுக்குப் பிரிவு பின்பற்றியது. நம் 1996ன் மத்தியஸ்தச் சட்டம் ஐ.நா.வின் மாதிரிச் சட்டத்தை ஒட்டி எழுதப்பட்டது. அதன் முகவுரையிலேயே அப்படி எழுதியிருக்கிறது. 2000ன் தகவல் தொழில்நுட்பச் சட்டமும் அப்படித்தான். ஒரு கருத்தரங்கக் கட்டுரை எழுதப் போகிறவர் முகவுரைகளையாவது படிக்க வேண்டாமா? காலனிய அரசு திணித்த சட்டத்தை நம் மண்ணின் சட்டம் என்று அணைத்துக்கொண்டு, நம் பிரதிநிதிகளும் மேசையில் உட்கார்ந்து பேசி எழுதிய ஒன்றைக் காலனியம் என்று தள்ளுவது எந்த நியாயம்?

உங்கள் சந்தேகத்துக்கு நிஜமான உதாரணம் வேண்டுமென்றால் ஆப்பிரிக்காவைப் பாருங்கள். 1993ல் மொரீஷியஸின் போர்ட் லூயியில் கையெழுத்தான ஒஹாடா (ஆப்பிரிக்க வணிகச் சட்ட ஒத்திசைவு அமைப்பு) ஒப்பந்தப்படி இன்று 17 நாடுகளுக்கு ஒரே வணிகச் சட்டம். அதன் அலுவல் மொழியாக முதலில் பிரெஞ்சு மட்டுமே இருந்தது. கேமரூனில் ஆங்கிலேயச் சட்ட மரபில் வளர்ந்த வடமேற்கு, தென்மேற்கு மாகாணங்களின் வக்கீல்கள் 2016ல் வேலைநிறுத்தம் செய்தார்கள். தாங்கள் வாதாட வேண்டிய சட்டமே தங்களுக்கு ஆங்கிலத்தில் கிடைக்கவில்லை என்பது அவர்கள் குறைகளில் ஒன்று. அந்த வருத்தத்தில் முழு நியாயம் இருக்கிறது. உங்கள் கட்டுரையில் இதை எழுதுங்கள், நான் மறுக்க மாட்டேன். ஐரோப்பிய ஒன்றியம் கைவிட்ட கதையை மட்டும் விட்டுவிடுங்கள். அது நுகர்வோர் பாதுகாப்போடு சிக்கிக்கொண்ட வேறு விவகாரம். அதைக் கைவிட்ட நாடுகளில் பெரும்பாலானவை வியன்னா உடன்படிக்கையில் சௌகரியமாகத்தான் இருக்கின்றன.

இனி கரூருக்கு வருகிறேன்.

கல்லூரி முடித்த கையோடு நான் தாய்மாமாவின் அலுவலகத்தில் கடிதங்கள் டைப் அடித்துக்கொண்டிருந்தேன். மேசை விரிப்பு, நாப்கின், கிச்சன் டவல் நெய்து ஐரோப்பாவுக்கு அனுப்பும் சின்ன நிறுவனம். 1990களின் கடைசியில் ஒரு ஜெர்மன் இறக்குமதியாளருக்கு மேசை விரிப்புகள் போயின. சரக்கு பிப்ரவரியில் போய்ச் சேர்ந்தது. ஜூலையில் ஃபாக்ஸ் வருகிறது: ஷேட் வேரியேஷன் இருக்கிறது, மாதிரிக்கும் சரக்குக்கும் நீலம் ஒத்துப்போகவில்லை, 30 சதவீதம் டிஸ்கவுன்ட் தராவிட்டால் வழக்கு. மாமா அந்த ஒப்பந்தத்தை எடுத்துத் திருப்பிப் பார்த்தார். ஜெர்மன் சட்டம் பொருந்தும் என்று இருந்தது. "அவன் ஊரு சட்டம்டா. அவனுக்குத்தான் சாதகமா இருக்கும்" என்றார். கொடுத்துவிட்டார். அந்த வருடம் தீபாவளி போனஸுக்கு அத்தையின் வளையல் அடகுக்குப் போனது.

பல வருடம் கழித்து வேறு காரணத்துக்காக வியன்னா உடன்படிக்கையைப் படித்தபோதுதான் எனக்கு விஷயம் புரிந்தது. ஜெர்மன் சட்டம் பொருந்தும் என்று எழுதினால், ஜெர்மனி ஏற்றுக்கொண்ட இந்த உடன்படிக்கையும் ஜெர்மன் சட்டத்தின் பகுதியாகக் கூடவே வந்துவிடும். அங்கே அது 1991லிருந்து அமலில் இருக்கிறது. பின்பக்கத்தில் அதை விலக்கி ஒரு வார்த்தையும் இல்லை. 38வது பிரிவு சொல்கிறது: சரக்கு வந்ததும் முடிந்தவரை சீக்கிரம் வாங்கியவர் பரிசோதிக்க வேண்டும். 39வது பிரிவு சொல்கிறது: குறை தெரிந்த, அல்லது தெரிந்திருக்க வேண்டிய நாளிலிருந்து நியாயமான காலத்துக்குள் விற்றவருக்குத் தெரிவிக்க வேண்டும், தெரிவிக்காவிட்டால் அந்தக் குறையை வைத்து எதுவும் கேட்க முடியாது. சரக்கை ஏற்பதா வேண்டாமா என்பது மட்டுமல்ல, நஷ்ட ஈட்டு உரிமையே போய்விடும். நியாயமான காலம் என்றால் எவ்வளவு? ஜெர்மன் உச்ச நீதிமன்றம் ஒரு மாதத்தைத் தோராயக் கணக்காக எடுக்கிறது. ஆஸ்திரியாவில் பரிசோதனைக்கும் சேர்த்தே சுமார் 14 நாள். நீல நிற வேறுபாட்டைப் பார்க்க அட்டைப்பெட்டியைத் திறந்தால் போதும். அதற்கு ஐந்து மாதம் எடுத்துக்கொண்டார் அந்த பையர்.

இதையே நம் 1930 சட்டத்தில் வைத்துப் பாருங்கள். இவ்வளவு நாள் கழித்து அவர் சரக்கைத் திருப்பி அனுப்ப முடியாது, சரி. ஆனால் 59வது பிரிவின்படி விலையில் கழிக்கச் சொல்லலாம், நஷ்ட ஈடு கேட்கலாம். அதாவது, நீங்கள் பெருமைப்படும் நம் சட்டத்தில் மாமாவின் நிலைமை மோசம். நீங்கள் சந்தேகப்படும் அந்தப் பொதுச் சட்டத்தில் அவர் கை ஓங்கியிருந்தது. ஜெர்மனியின் உள்நாட்டு வணிகச் சட்டமும் இந்த விஷயத்தில் கண்டிப்பானதுதான், ஆனால் அது ஜெர்மன் மொழியில் இருக்கிறது. உடன்படிக்கை அதிகாரபூர்வமாகவே ஆங்கிலத்திலும் இருக்கிறது. கரூர் கோர்ட்டுக்குப் போகும் எந்த வக்கீலும் ஒரு மாலையில் படித்துச் சொல்லியிருக்கலாம். சொல்ல ஆள் இல்லை. நாம் சேராத உடன்படிக்கையை நம் கல்லூரிகளில் யார் நடத்துகிறார்கள்? உங்களுக்கே இறுதியாண்டில்தானே கண்ணில் படுகிறது, அதுவும் ஒரு கருத்தரங்கத் தலைப்பாக. எனக்குக் கோபம் வருவது இங்கேதான்.

திருப்பூர்ப் பையனின் பர்ச்சேஸ் ஆர்டரில் அந்த வரி ஏன் இருக்கிறது என்று இப்போது புரியும். 6வது பிரிவு, இரு தரப்பும் ஒப்புக்கொண்டால் உடன்படிக்கையை விலக்கிவைக்கலாம் என்கிறது. வசதியுள்ளவர்களின் வக்கீல்கள் பழக்கத்திலேயே விலக்கிவிடுகிறார்கள். மிச்சமிருப்பது டச்சு மொழியில் உள்ள டச்சு சிவில் சட்டம். அது நமக்குப் பாதகமாகத்தான் இருக்கும் என்று நான் சொல்லவில்லை. ஆனால் அதைப் படித்துச் சொல்ல ஆம்ஸ்டர்டாமில் ஒரு வக்கீலுக்கு யூரோவில் பணம் கட்ட வேண்டும். 20 தையல் மெஷின் வைத்திருப்பவனால் ஆகிற காரியமா? பெரிய நிறுவனங்களுக்குப் பொதுச் சட்டம் இல்லாவிட்டாலும் நஷ்டமில்லை, எல்லா ஊரிலும் அவர்களுக்கு வக்கீல் உண்டு. சின்ன விற்பனையாளனுக்குத்தான் அது தேவை.

குறையைச் சீக்கிரம் தெரிவிக்க வேண்டும் என்ற அந்த 39வது பிரிவு விற்பவனுக்கே சாதகம் என்று நீங்கள் திருப்பிக் கேட்கலாம். கேட்க வேண்டும். அப்படித்தான் கேட்டார்கள். 1980ல் வியன்னா மாநாட்டில் கானா உள்ளிட்ட வளரும் நாடுகள் எழுந்து, எங்கள் ஊரில் ஒரு இயந்திரம் வந்து இறங்கினால் அதைப் பரிசோதிக்க நிபுணர் கிடைப்பதற்கே மாதங்கள் ஆகும், புகார் சொல்லத் தாமதமானது என்பதற்காக எல்லா உரிமையையும் பறிப்பது அநியாயம் என்று வாதாடின. விடாமல் வாதாடியதால்தான் 44வது பிரிவு உள்ளே வந்தது: தாமதத்துக்கு நியாயமான காரணம் இருந்தால், இழந்த லாபம் நீங்கலாக நஷ்ட ஈடு கேட்கலாம், விலையைக் குறைக்கச் சொல்லலாம். ஜெர்மனியிலிருந்தோ இத்தாலியிலிருந்தோ நிட்டிங் மெஷின் இறக்கும் நம் ஆட்களுக்கு இதைவிட வேண்டிய பிரிவு வேறில்லை. காலனியம் என்று ஒதுங்கி நின்றிருந்தால் அது வந்திருக்குமா?

இன்னொரு வழக்கு. சுவிஸ் வியாபாரி ஒருவர் ஜெர்மன் வியாபாரிக்கு 1750 கிலோ நியூசிலாந்துச் சிப்பி விற்றார். ஜெர்மன் சுகாதாரத் துறை பரிந்துரைத்த அளவைவிட அதில் காட்மியம் அதிகம். 1995ல் ஜெர்மன் உச்ச நீதிமன்றம் இந்த உடன்படிக்கையின்படி விற்றவர் பக்கம் நின்றது. வாங்குபவர் நாட்டு அரசு தனியாக வகுத்த சுகாதாரம் போன்ற அளவுகளை விற்பவர் பொதுவாகத் தெரிந்திருக்க வேண்டியதில்லை, வாங்குபவர்தான் சொல்லியிருக்க வேண்டும், அல்லது அதற்கான விசேஷச் சூழல் இருந்திருக்க வேண்டும் என்றது. தன் நாட்டு வியாபாரிக்கு எதிராகத் தன் நாட்டு நீதிமன்றம் கொடுத்த தீர்ப்பு இது. துணிக்குப் போடும் சில அசோ சாயங்களுக்கு ஜெர்மனி தடை கொண்டுவந்தது 1994ல் என்பதையும் சேர்த்துப் படியுங்கள். கரூரும் திருப்பூரும் அப்போது பட்ட பாடு உங்கள் அப்பா தலைமுறைக்குத் தெரியும். சாயம் பற்றி முன்கூட்டிச் சொல்ல வேண்டியது யார், தெரிந்துகொள்ள வேண்டியது யார் என்ற கேள்விக்கு அந்தச் சிப்பித் தீர்ப்பில் ஒரு தொடக்கம் இருக்கிறது.

மண் என்ற சொல்லை நீங்கள் நல்லெண்ணத்தோடுதான் எழுதியிருக்கிறீர்கள். ஆனாலும் எர்ன்ஸ்ட் ராபெல் பற்றி நீங்கள் தெரிந்துகொள்ள வேண்டும். 1874ல் வியன்னாவில் பிறந்தவர். 1926ல் பெர்லினில் அயல்நாட்டுத் தனியார் சட்டத்துக்கென்று ஒரு ஆய்வு நிறுவனத்தைத் தொடங்கினார். உலகத்துக்கு ஒரு பொது விற்பனைச் சட்டம் சாத்தியம் என்று 1929ல் அறிக்கை எழுதியவர் அவர்தான். ரோமானியச் சட்டத்தை எடுத்துவிட்டு ஜெர்மானியச் சட்டம் வைக்க வேண்டும் என்று நாஜிக் கட்சி 1920லேயே தன் வேலைத்திட்டத்தின் 19வது அம்சமாக எழுதிவைத்திருந்தது. யூத வம்சாவளி என்பதால் 1937ல் அவரை அவருடைய நிறுவனத்திலிருந்தே வெளியேற்றினார்கள். 1939ல், 65 வயதில், அமெரிக்காவுக்குப் போனார். விற்பனைச் சட்டம் பற்றிய அவருடைய பெரிய நூலின் முதல் பாகம் 1936ல் வந்தது. இரண்டாம் பாகம் வந்தது 1958ல், அவர் இறந்து மூன்று வருடம் கழித்து. அவர் பிறந்த ஊரில் 1980 ஏப்ரலில் உடன்படிக்கை நிறைவேறியது. எத்தனையோ முறை படித்தும் இந்தத் தேதிகளை என்னால் சாதாரணமாகக் கடந்துபோக முடிந்ததில்லை.

மேற்படிப்பு பற்றிக் கேட்டிருந்தீர்கள். எடுங்கள். எதிர்காலம் இருக்கிறதா என்று கேட்டு ஒரு துறைக்குள் நுழையாதீர்கள், கொங்கு மண்டலத்தில் இதைத் தெரிந்த வக்கீலுக்கு வேலை இல்லாமல் போகாது. புத்தகம் எதுவும் இப்போதைக்கு வேண்டாம். உடன்படிக்கையையே படியுங்கள், 101 பிரிவுகள்தான், ஒரு ஞாயிற்றுக்கிழமை போதும். 38லிருந்து 44 வரை இரண்டு முறை படியுங்கள். அப்புறம் கட்டுரையைத் திருத்தி எழுதி எனக்கு அனுப்புங்கள். கேமரூன் வக்கீல்களுக்கு ஒரு பக்கம் கொடுத்தால், கானா பிரதிநிதிகளுக்கும் ஒரு பக்கம் கொடுங்கள்.