வாசகர் கேள்வி – பதில்: நிலவில் மட்டும் தெரியும் எழுத்து

கேள்வி: கல்லூரியில் படித்துக்கொண்டே ஒரு மாயாஜால நாவல் எழுதி வருகிறேன். அதில் வரும் மந்திர மையால் எழுதியது நீரில் கரையாது, நெருப்பில் எரியாது, பகைவர் கண்ணுக்குத் தெரியாது, உரியவர் நினைத்தவுடன் தோன்றும். படித்துப் பார்த்த என் அக்கா, இதில் சுவையே இல்லை என்கிறார். டோல்கீனின் ‘தி ஹாபிட்’ நாவலில் வரும் நிலவெழுத்தை மட்டும் எல்லோரும் ரசிப்பது ஏன்?

பதில்: தங்கள் அக்கா சொல்வதில் நியாயம் இருக்கிறது. உரியவர் நினைத்தவுடன் எழுத்து தோன்றிவிடும் என்றால், அதைத் தேடவோ அதற்காகக் காத்திருக்கவோ கதைமாந்தர்களுக்கு வேலையே இல்லாமல் போகிறது.

1937-இல் வெளியான அந்நாவலில், மலைக்குள் செல்லும் இரகசியக் கதவை எந்த நாளில், எந்த அடையாளத்தைக் கொண்டு திறப்பது என்ற குறிப்பு, குள்ளர்களின் அரசன் த்ரோரின் வரைபடத்தில் நிலவெழுத்தாக மறைந்திருக்கிறது. குள்ளர்கள் வெள்ளிப் பேனாவால் எழுதும் அந்த எழுத்து, நேராகப் பார்த்தால் தெரியாது. நிலவொளி தாளின் பின்னாலிருந்து ஊடுருவி வர வேண்டும். அவற்றுள் நுட்பமான வகைக்கு, எழுதிய நாளில் இருந்த அதே பருவமும் அதே பிறையும் வானில் அமைந்தாக வேண்டும். குள்ளர் தலைவர் தோரினும் அவர் கூட்டத்தினரும் எல்ரோண்டின் இல்லமான ரிவன்டெல்லில் தங்கியிருந்தபோது, நடுக்கோடை நாளுக்கு முந்தைய இரவில் எல்ரோண்ட் அந்த வரைபடத்தைத் தூக்கிப் பிடிக்கிறார். பிறைநிலவின் ஒளி அதன் வழியே பாய, எழுத்துகள் புலப்படுகின்றன. அதுவரை வரைபடத்தைக் கையில் வைத்திருந்த மந்திரவாதி கண்டால்ஃபுக்கும் தோரினுக்கும், தமக்கு முன்பே இன்னொருவர் கண்டுபிடித்துவிட்டாரே என்று சற்று மனத்தாங்கல் உண்டாவதையும் ஆசிரியர் சொல்லத் தவறவில்லை.

அந்த நிபந்தனை எவ்வளவு கடுமையானது என்பதை நம்மவர்கள் எளிதில் உணர்வார்கள். பிறந்த தேதியும் பிறந்த திதியும் 19 ஆண்டுகளுக்கு ஒருமுறை ஏறக்குறைய ஒன்றாக வருவதைப் பஞ்சாங்கம் பார்க்கும் வீடுகளில் கவனித்திருப்பார்கள். 8 ஆண்டுகளுக்கு ஒருமுறை ஓரிரு நாள் வித்தியாசத்தில் வருவதும் உண்டு. ஆகவே, எல்ரோண்ட் வீட்டில் அந்த இரவைத் தவறவிட்டிருந்தால், தோரின் கூட்டம் கதவைத் திறக்கும் வழி தெரியாமலே மலையடிவாரத்தில் போய் நின்றிருக்கும். மையின் மந்திரம் கதையின் காலக்கணக்கோடு இவ்வாறு பிணைந்திருப்பதால்தான் அது நம்மை ஈர்க்கிறது என்பது என் கருத்து.

டோல்கீன் இதில் எவ்வளவு ஆசை வைத்திருந்தார் என்பதற்கு ஒரு செய்தி உண்டு. நிலவெழுத்தை வரைபடத்தாளின் பின்பக்கத்தில் இடவலம் மாற்றி அச்சிட வேண்டும், வாசகர் தாளை வெளிச்சத்தில் பிடித்தால் மட்டுமே அது தெரிய வேண்டும் என்று அவர் விரும்பினார். பதிப்பகத்தார் அதை முன்பக்கத்திலேயே வெளிப்படையாக அச்சிட்டுவிட்டார்கள். அந்த யோசனை நிறைவேறியிருந்தால் எத்தனை குழந்தைகள் புத்தகத்தை விளக்கொளியில் தூக்கிப் பிடித்து மகிழ்ந்திருப்பார்கள் என்று நினைக்கையில் எனக்கு இன்றும் வருத்தமாக இருக்கிறது.

தங்கள் மைக்கு இருக்கும் நான்கு வல்லமைகளில் மூன்றை எடுத்துவிடுங்கள். எஞ்சியதற்கு ஒரு நிபந்தனையை வையுங்கள். அந்த நிபந்தனை தங்கள் நாயகிக்கு மிகவும் சிரமமான நேரத்தில் வந்து நிற்கட்டும்.

கேள்வி: இத்தகைய மை உண்மையில் உண்டா?

பதில்: நிலவின் பிறையை அடையாளம் காணும் மை கிடையாது. நிலவொளி என்பது சூரிய ஒளியின் எதிரொளிதான். முழுநிலவே சூரியனைவிடச் சுமார் 4 இலட்சம் மடங்கு மங்கலானது.

மறைந்து தோன்றும் மைகள் உண்டு. அவற்றில் இரு வகைகள் கதை எழுதுபவருக்குப் பயன்படும். 1737-இல் பிரான்ஸ் நாட்டின் ழான் எல்லோ விவரித்த கோபால்ட் உப்பு மை, காய்ந்ததும் கண்ணுக்குத் தெரியாத அளவுக்கு வெளிறிவிடும். சூடு காட்டினால் நீலமாகவோ பச்சையாகவோ தோன்றும். ஆறியபின் காற்றின் ஈரத்தை உறிஞ்சி மீண்டும் மறையும். கணப்படுப்பின் முன் வைக்கும் தட்டிகளில் பனிக்கால மரங்களை வரைந்து, நெருப்பின் சூட்டில் அவை தளிர்விடுவதுபோல் காட்டும் வேடிக்கை அக்காலத்தில் இருந்தது. இந்த வகை மையில் கடிதத்தை ஒற்றன் படித்தாலும் தடயம் எஞ்சாது.

மற்றது மாசிக்காய்ச் சாறு. கி.மு. 3-ஆம் நூற்றாண்டைச் சேர்ந்த பைசாந்தியத்து ஃபிலோ என்ற கிரேக்கப் பொறியாளர் இந்த முறையைக் குறிப்பிடுகிறார். மாசிக்காயை இடித்து ஊறவைத்து வடிகட்டிய நீரால் எழுதி, காய்ந்தபின் அன்னபேதி (இரும்பு சல்பேட்) கரைசலைத் தடவினால், எழுத்து கருநீலமாக எழும்பி அப்படியே நின்றுவிடும். வழியில் யாரேனும் படித்திருந்தால், பெறுபவருக்கு அது தெரிந்துவிடும். கோபால்ட் உப்பு நச்சுத்தன்மை உடையது, வீட்டில் வேண்டாம். மாசிக்காயும் அன்னபேதியும் நாட்டு மருந்துக் கடையில் கிடைக்கும். மாசிக்காய் இல்லையென்றால் கடுக்காயும் போதும். தடித்த வெள்ளைத் தாளைவிடப் பழுப்புத் தாளில் எழுதுங்கள், சாற்றின் இளமஞ்சள் கறை அதில் வெளியே தெரியாது.