கிராப் அப்பிள் திருகோணமலையில் பூக்குமா?

கேள்வி: ரொறன்ரோவில் அண்ணர் வீட்டு முற்றத்தில் நிற்கிற கிராப் அப்பிள் மரம் மே மாதம் கொப்பு தெரியாமல் இளஞ்சிவப்பாகப் பூத்திருந்தது. அதன் விதையையோ கொப்பையோ கொண்டுவந்து எங்கள் வளவில் வளர்க்கலாமா? எந்த மாதம் வெட்டிவிட வேண்டும்? தன் மரம் அடர்ந்து போச்சு, எப்படி வெட்டுவது என்று அண்ணரும் கேட்கச் சொன்னார்.
— ஒரு வாசகி, உப்புவெளி

பதில்: கொண்டுவர வேண்டாம். கன்று முளைத்தாலும் இங்கே பூக்காது. கிராப் அப்பிள் இலையுதிர்த்து உறங்குகிற மரம். அந்த உறக்கத்தில் சுமார் 7 பாகை செல்சியசுக்குக் கீழே பல நூறு மணி நேரக் குளிர் கிடைத்தால்தான் மொட்டு ஒழுங்காக விரியும். திருகோணமலையில் தை மாத இரவில்கூட 20 பாகைக்குக் கீழே இறங்குவது அரிது. உரமோ வெட்டோ இதை ஈடுசெய்யாது. அதோடு 1999ஆம் ஆண்டின் 35ஆம் இலக்கத் தாவரப் பாதுகாப்புச் சட்டம் இருக்கிறது. அனுமதியில்லாமல் விதையோ கொப்போ பயணப் பையில் வரக்கூடாது. அங்கே அப்பிள் இன மரங்களைக் கருக்குகிற தீக்கருகல் நோய் ஒரு கொப்போடு வந்தால் மலைநாட்டுப் பேரிக்காய் மரங்களுக்கும் ஆபத்து.

அண்ணருக்கு இதைச் சொல்லுங்கள். குளிர் முடிகிற நேரம், மார்ச் மாதமளவில், மொட்டு விரியுமுன் வெட்டுவது நல்லது. அடியில் வேரிலிருந்து கிளம்பும் தளிர்களை முதலில் எடுக்க வேண்டும். ஒட்டுமரமென்றால் அவை, ஒட்டுக்கு வேராக நிற்கிற கீழ்மரத்தின் தளிர்கள். விட்டால் நல்ல மரத்தையே அமுக்கிவிடும். பிறகு நேர்குத்தாக மேலே ஓடும் போத்துகள், ஒன்றோடொன்று உரசுகிற கொப்புகள், காய்ந்தவை. ஒரே தடவையில் காற்பங்குக்கு மேல் எடுக்கக்கூடாது. பழைய கொப்புகளில் சுருக்கம் சுருக்கமாக, விரல் நீளத்தில் நிற்கும் கட்டைத் தளிர்களைத் தொடவே வேண்டாம். பூ அவற்றில்தான் வரும். அடுத்த வருடப் பூமொட்டு கோடையிலேயே உருவாகிவிடுவதால், யூலைக்குப் பிறகு வெட்டினால் அந்தப் பூவைத்தான் வெட்டுவோம்.

சரி, உங்கள் வளவுக்கு வருவோம். அந்த நிறமும் அந்தக் கொத்தும்தான் வேண்டுமென்றால் இளஞ்சிவப்புக் கொன்றையை வையுங்கள். தாவரவியல் பெயர் காசியா ஜாவானிகா. கோணேசர் ஊரில் கொன்றையை யாருக்கும் அறிமுகப்படுத்த வேண்டியதில்லை. இது மஞ்சள் சரக்கொன்றைக்குச் சொந்தக்கார மரம். அப்பிள் மரம் குளிரை எதிர்பார்க்கிறது, கொன்றை வறட்சியை எதிர்பார்க்கிறது. மாரி மழை குடித்த மரம் வெயிலில் இலையைக் கொட்டி, புதுத் தளிரோடு கொப்பு நெடுகப் பூக்கும். எனவே வளர்ந்த மரத்துக்கு மாசி, பங்குனியில் நீர் ஊற்றாமல் விடுங்கள். யூரியாவும் வேண்டாம், இலைதான் கூடும்.

விதையின் தோல் மிகவும் கடினம். ஒரு பக்கத்தை அரத்தால் தேய்த்து, இரவு முழுக்க நீரில் ஊறவைத்தால் முளைக்கும். கன்றை ஐப்பசி மழையோடு நடுங்கள். நம் மணல் நிலத்தில் நீர் நிற்காது, ஆகவே இரண்டடிக் குழியில் மாட்டெருவைத் தாராளமாகக் கலந்து, மேலே தேங்காய்ப் பொச்சைக் கவிழ்த்து அடுக்குங்கள். முதல் இரண்டு வருடம் கச்சான் காற்று வீசுகிற மாதங்களில் நீர் கட்டாயம். கடலை நேரே பார்க்கிற பக்கம் இந்த மரத்துக்கு ஆகாது. உப்புக்காற்று இலையைக் கருக்கும். அங்கே கடதாசிப்பூ வையுங்கள்.

வெட்டும் காலத்தில்தான் நம்மூரில் பிழை நடக்கிறது. மழைக்கு முன் புயற்பயத்தில், புரட்டாதியில் மரத்தின் தலையை மொட்டையடிக்கிறார்கள். பயம் நியாயம்தான், 1964 டிசம்பர்ப் புயலை இந்த ஊர் மறக்காது, 2020இல் புரெவியும் பக்கத்தில்தான் கரையேறியது. ஆனால் மொட்டையடித்த இடத்தில் மழையோடு கொத்தாகக் கிளம்பும் தளிர்கள் தோலோடு மட்டும் ஒட்டியிருக்கும். காற்றில் முதலில் கிழிந்து விழுபவை அவைதான். பூ முடிந்ததும், ஆடிக்குள் வெட்டுங்கள். மழை வருமுன் புதுத்தளிர் முற்றிவிடும். கன்றுப் பருவத்திலேயே இரண்டு தலை போட்டி போட்டு ஏறினால் ஒன்றை எடுத்துவிடுங்கள். புயலுக்கு மரம் பிளப்பது பெரும்பாலும் அந்த இரண்டு தலையும் பிரிகிற கவரில்தான்.

பெரிய கொப்பை மூன்று வெட்டில் இறக்குங்கள். தண்டிலிருந்து ஓரடி தள்ளி, கீழ்ப்பக்கத்தில் கால்வாசி அறுங்கள். அதற்குச் சற்று வெளியே மேலிருந்து அறுத்தால் கொப்பு தோலை உரிக்காமல் விழும். அப்புறம் மிஞ்சிய கட்டை. கொப்பு தண்டைச் சேருமிடத்தில் தோல் சுருங்கிக் கழுத்துப் பட்டி மாதிரிப் புடைத்திருக்கும். அந்தப் புடைப்பை அப்படியே விட்டு, அதன் வெளி விளிம்பில் வெட்டுங்கள். காயத்தை மூடி வளர்கிற தசை அங்கேதான் இருக்கிறது. தண்டோடு வழித்து வெட்டினால் அது போய்விடும், கட்டை விட்டால் உள்ளே உக்கும். சாணமோ தாரோ பெயின்ற்றோ பூசத் தேவையில்லை.

மின்கம்பிக்குக் கிட்டப் போன கொப்பை மட்டும் நீங்கள் தொடாதீர்கள். மின்சாரம் வழங்குகிற நிறுவனத்துக்கு அறிவித்து அவர்களைக் கொண்டே வெட்டுவியுங்கள்.