மெல்டன் பக்கத்துப் புதிய சபர்புகள்: கேட்டவர்களுக்கு என் பதில்கள்

மெல்போர்னுக்கு மேற்கே, பல்லராட் போகும் நெடுஞ்சாலையை ஒட்டிய மெல்டன் நகராட்சியில் மனை வாங்கலாமா என்று கேட்டு நிறையப் பேர் எழுதியிருந்தீர்கள். நில அளவைத் துறையில் வேலை பார்க்கிறேன், குடியிருப்பதும் தார்ன்ஹில் பார்க்கில்தான். ஒரே மாதிரிக் கேள்விகளைச் சேர்த்து, தெரிந்ததை எழுதுகிறேன். நான் எந்த நிறுவனத்துக்கும் மனை விற்றுத் தருபவன் இல்லை என்பதையும் சொல்லிவிடுகிறேன்.

டார்னெயிட்டில் வாடகைக்கு இருப்பவர்: அண்ணா, தார்ன்ஹில் பார்க் என்று சொல்லி மனை காட்டினார்கள். பழைய வரைபடத்தில் அந்தப் பெயரே இல்லை, ராக்பேங்க் என்று இருக்கிறது. பெயரை இவர்களே வைத்து ஏமாற்றுகிறார்களா?

இல்லை, அது அரசு வைத்த பெயர்தான். மெல்டன் நகராட்சி 11 புதிய சபர்புகளை (புறநகர்ப் பகுதிகளை) முன்மொழிந்தது, 2017 பிப்ரவரி 9 அன்று விக்டோரியா அரசிதழில் வந்தது. எயின்ட்ரீ, பானி புரூக், காபிள்பேங்க், டீன்சைட், ஃபீல்ட்ஸ்டோன், ஃப்ரேசர் ரைஸ், கிரேஞ்ச்ஃபீல்ட்ஸ், ஹார்க்னஸ், ஸ்ட்ராத்துல்லோ, தார்ன்ஹில் பார்க், வியர் வியூஸ். எயின்ட்ரீயும் தார்ன்ஹில் பார்க்கும் ராக்பேங்கிலிருந்து பிரிந்தவை, ஹார்க்னஸ் மெல்டன் வெஸ்டிலிருந்து, வியர் வியூஸும் ஸ்ட்ராத்துல்லோவும் மெல்டன் சவுத்திலிருந்து.

ஆனால் எஸ்டேட் (மனைப்பிரிவு) பெயர் வேறு, சபர்ப் பெயர் வேறு. எஸ்டேட் பெயரை விற்பவர் தன் இஷ்டத்துக்கு வைக்கலாம், அதற்கு முகவரியில் இடமில்லை. பத்திரத்திலும் காப்பீட்டிலும் அவசர எண் 000க்கு அழைக்கும்போதும் செல்லுபடியாவது அரசிதழில் வந்த பெயர் மட்டும்தான். ஆம்புலன்ஸ் தவறான இடத்துக்குப் போய்விடக் கூடாது என்பதற்காகத்தான் பெயர் இரட்டிப்பு கூடாது என்று விதியே வைத்திருக்கிறார்கள். அஞ்சல் எண்ணையும் பார்த்துக்கொள்ளுங்கள்: எயின்ட்ரீ 3336, நெடுஞ்சாலையைத் தாண்டினால் தார்ன்ஹில் பார்க் 3335, காபிள்பேங்க் 3338. எண் மாறினால் வாகனக் காப்பீட்டுத் தொகையும் மாறலாம்.

மனைவியும் நானும் முதல் வீடு தேடுகிறோம்: பெயர் வந்து இத்தனை வருஷம் ஆகிறது, ஏன் சில இடங்களில் இன்னும் ஆட்டுப்பண்ணை மாதிரியே இருக்கிறது?

பெயர் வைப்பதற்கும் ஊர் வருவதற்கும் சம்பந்தமே இல்லாததால்தான். பெயர் வந்தது எல்லா இடத்துக்கும் ஒரே நாளில். ஊர் வருவது ஒவ்வொரு பகுதியின் கட்டமைப்புத் திட்டம், தண்ணீர்க் குழாய், கழிவுநீர், சாலை இதையெல்லாம் பொறுத்தது. எயின்ட்ரீயில் இப்போது கடை, பள்ளி, பூங்கா எல்லாம் உண்டு. கிரேஞ்ச்ஃபீல்ட்ஸ் பக்கம் போனால் பெரும்பகுதி கம்பி வேலியும் காய்ந்த புல்லும்தான். இரண்டும் ஒரே நாளில் பெயர் வாங்கியவை.

அதனால் விற்பவர் "இங்கே பள்ளி வருகிறது, அங்கே ஸ்டேஷன் வருகிறது" என்று சொல்லும்போது ஒரே ஒரு கேள்வி கேளுங்கள்: திட்ட வரைபடத்தில் இருக்கிறதா, பட்ஜெட்டில் பணம் ஒதுக்கியாகிவிட்டதா, வேலை நடக்கிறதா? மூன்றும் வேறு வேறு. முதலாவதுக்கும் மூன்றாவதுக்கும் நடுவில் உங்கள் பிள்ளை ஆரம்பப் பள்ளியையே முடித்துவிடலாம். தார்ன்ஹில் பார்க்கில் பெயின்ஸ் ரோடு அருகே ஒரு ஸ்டேஷனுக்குத் திட்டத்தில் இடம் காட்டியிருக்கிறார்கள், அதை நம்பி இன்றைக்குக் கூடுதல் விலை கொடுக்காதீர்கள். மெல்டன் மருத்துவமனை அப்படியில்லை. காபிள்பேங்கில் இடம் எடுத்து, பணம் ஒதுக்கி, 2029இல் திறப்பு என்று அரசே அறிவித்திருக்கிறது. அதை நம்பிக் கணக்குப் போடலாம், ஒரு வருஷம் தள்ளிப்போனாலும் ஆச்சரியப்படாதீர்கள்.

சிட்டியில் ஐடி வேலை: ரயில் எப்படி? தினமும் போய் வர முடியுமா?

முடியும், ஆனால் இது மெட்ரோ ரயில் இல்லை என்பதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள். மெல்டன் வரை ஓடுவது வெளியூர் ரயில் நிறுவனமான வி-லைனின் டீசல் ரயில், பாதையை இன்னும் மின்மயமாக்கவில்லை. டீர் பார்க் தாண்டி மெல்டன் வரை சுமார் 18 கிலோமீட்டருக்கு இரட்டைப் பாதை போட்டு முடித்ததும், காபிள்பேங்க் ஸ்டேஷன் திறந்ததும் 2019 கடைசியில்தான். அதற்கு முன்னால் ஒற்றைப் பாதையில் எதிர்வண்டிக்காகக் காத்துக் கிடந்த காலமும் இருந்தது. 2023 மார்ச் 31 முதல் வி-லைன் கட்டணத்துக்கும் மெட்ரோ கட்டணத்தின் உச்சவரம்புதான் என்பது நல்ல விஷயம்.

கஷ்டம் எங்கே என்றால் காலை நேரக் கூட்டம். மெல்டனில் ஏறுபவருக்கு இருக்கை கிடைக்கும், ராக்பேங்கில் ஏறுபவர் பெரும்பாலும் நின்றுகொண்டே போக வேண்டியதுதான். காரில் போகலாம் என்றால் வெஸ்டர்ன் ஃப்ரீவே காலையில் கரோலின் ஸ்பிரிங்ஸ் வரை ஊர்ந்துதான் நகரும்.

மக்கள்தொகையைப் பாருங்கள்: மெல்டன் நகராட்சியில் 2011 கணக்கெடுப்பில் சுமார் 1,09,000 பேர், 2021இல் சுமார் 1,79,000. இத்தனை பேரைக் குடியேறவிட்டு இன்னும் டீசல் வண்டியில் அனுப்புவது அநியாயம் என்றே நான் நினைக்கிறேன், எம்.பி.க்கும் எழுதிக்கொண்டிருக்கிறேன், நீங்களும் எழுதுங்கள். ஸ்டேஷனுக்கு நடந்து போகிற தூரத்தில் மனை கிடைத்தால், சின்னதாக இருந்தாலும் அதையே எடுங்கள் என்பதுதான் என் யோசனை. பார்க்கிங் காலை ஏழரைக்குள் நிரம்பிவிடும்.

யாழ்ப்பாணத்து அக்கா ஒருவர்: தம்பி, எங்கட காணியில மண் பரிசோதனை செய்து எச்2 எண்டு வந்திருக்கு. பில்டர் கூடக் காசு கேக்கிறார். பயப்பட வேணுமோ?

பயப்பட வேண்டாம் அக்கா, ஆனால் கவனமாக இருக்க வேண்டும். இந்தப் பக்கம் முழுக்கப் பழைய எரிமலைச் சமவெளி. கீழே பசால்ட் பாறை, மேலே களிமண். ஈரம் பட்டால் உப்பும், காய்ந்தால் சுருங்கி வெடிக்கும். எச்1, எச்2, ஈ என்று போகப் போக அந்த அசைவு கூடுதல் என்று அர்த்தம். பி என்று வந்தால் அது சிக்கலான மண், இன்ஜினியர் தனியாகப் பார்க்க வேண்டும். எச்2 இங்கே புதிதில்லை. அதற்கேற்ற கனமான ஸ்லாப் (கான்கிரீட் அடித்தளம்) போட்டால் வீடு நிற்கும்.

மெல்போர்ன் மேற்கில் முன்பு நிறைய வீடுகளில் ஸ்லாப் ஓரம் தூக்கிக்கொண்டு சுவரில் விரிசல் விட்டது. முக்கியக் காரணம் மழைத்தண்ணீர் வெளியேறாமல் அஸ்திவாரத்தைச் சுற்றித் தேங்கி நின்றது. அதனால் கூரைத் தண்ணீர்க் குழாயை வடிகாலோடு இணைக்காமல் மாதக்கணக்கில் விட்டுவைக்க பில்டரை அனுமதிக்காதீர்கள். வீட்டைச் சுற்றி மண் சரிவு வெளிப்பக்கமாக இருக்க வேண்டும். சுவரோரமாகப் பூச்செடி வைத்துத் தினமும் தண்ணீர் ஊற்றுகிற பழக்கம் நம் ஆட்களிடம் உண்டு, இங்கே அது வேண்டாம். முருங்கை, மா மாதிரி மரம் வைக்க ஆசை இருந்தால் சுவரிலிருந்து நன்றாகத் தள்ளி வையுங்கள். இந்தக் குளிருக்கு அது பிழைப்பது வேறு கதை.

பில்டர் கேட்கும் காசு பற்றி: ஒப்பந்தத்தில் பாறை உடைக்கும் செலவுக்கு ஒரு வரம்பு எழுதியிருக்கிறதா என்று பாருங்கள். "சைட் காஸ்ட் ஃபிக்ஸ்ட்" என்று வாயால் சொல்லிவிட்டு, எழுத்தில் பாறைக்கு மட்டும் விலக்கு வைத்திருப்பார்கள். இங்கே பாறை வராத மனைதான் அபூர்வம். வரம்பு இல்லையென்றால் கையெழுத்துப் போடாதீர்கள்.

பெயர் வேண்டாம் என்றவர்: பத்து ஏக்கர் பண்ணை நிலம், பங்கு பிரித்துத் தருகிறார்களாம், ஐந்து வருஷத்தில் குடியிருப்பு மண்டலமாகிவிடும் என்கிறார்கள். போடலாமா?

போடாதீர்கள்.

ஏன் என்றும் சொல்கிறேன். மெல்போர்னைச் சுற்றி 2002 வாக்கில் நகர வளர்ச்சி எல்லை என்று ஒரு கோடு வந்தது, 2010இல் அதைப் பெரிய அளவில் விரித்தார்கள். கோட்டுக்கு உள்ளே இருந்தால் நகர வளர்ச்சி மண்டலம், வெளியே இருந்தால் பெரும்பாலும் பசுமைப் பட்டை மண்டலம். பசுமைப் பட்டையில் தனியாக அளவு குறிப்பிடப்படாத இடத்தில் 40 ஹெக்டேருக்குக் குறைவாகப் பிரிக்க முடியாது. அந்தக் கோட்டை நகர்த்த மாநில நாடாளுமன்றத்தின் ஒப்புதல் வேண்டும். நகராட்சியில் ஆள் தெரியும் என்று ஒருவர் சொல்வதால் அது நகராது. இப்படிப் பங்கு விற்ற லேண்ட் பேங்கிங் திட்டங்கள் சில பத்து வருஷத்துக்கு முன் கவிழ்ந்து, நிறுவனங்களைக் கண்காணிக்கும் ஏசிக் அமைப்பு நீதிமன்றம் வரை போனது. பணம் போட்டவர்களில் புதிதாகக் குடியேறியவர்கள் நிறைய. நம் சமூகக் கூட்டங்களில், தெரிந்தவர் மூலமாகத்தான் இது வரும், அதனால்தான் கடுமையாகச் சொல்கிறேன். விற்பவர் தெரிந்தவர் என்பது அந்த நிலத்தின் மண்டலத்தை மாற்றாது. நிலத்தின் மண்டலம் என்ன என்று விக்பிளான் தளத்தில் முகவரியைப் போட்டால் இலவசமாகவே வந்துவிடும்.

கோயம்புத்தூரிலிருந்து வந்து இரண்டு வருஷம்: சார், டைட்டில் (உரிமைப் பத்திரம்) இன்னும் வராத மனைக்கு முன்பணம் கட்டலாமா? நான் தற்காலிக விசாவில் இருக்கிறேன்.

இதில் இரண்டு விஷயம் இருக்கிறது.

டைட்டில் வராத மனைக்கு 10 சதவீதத்துக்கு மேல் முன்பணம் வாங்கக் கூடாது, அதுவும் டிரஸ்ட் கணக்கில்தான் இருக்க வேண்டும். ஒப்பந்தத்தில் சன்செட் தேதி, அதாவது டைட்டில் வர வேண்டிய கடைசி நாள், இருக்கும். முன்பு விலை ஏறினால் அந்தத் தேதியைக் காரணம் காட்டி ஒப்பந்தத்தை முறித்து அதிக விலைக்கு மறுபடி விற்ற சம்பவங்கள் உண்டு. 2019இல் சட்டத்தைத் திருத்தி, வாங்கியவர் சம்மதமோ விக்டோரியா உச்ச நீதிமன்ற உத்தரவோ இல்லாமல் விற்பவர் அப்படி முறிக்க முடியாது என்று ஆக்கினார்கள். இருந்தாலும் டைட்டில் வரும் நாளில் வங்கி புதிதாக மதிப்பிடும். மதிப்பு குறைந்திருந்தால் வித்தியாசத்தை நீங்கள்தான் கையிலிருந்து கட்ட வேண்டும், அதற்குக் கொஞ்சம் பணம் ஒதுக்கி வையுங்கள். செக்‌ஷன் 32 அறிக்கையை (மனை பற்றி விற்பவர் தர வேண்டிய விவரங்கள்) வழக்கறிஞர் படிக்காமல் கையெழுத்துப் போட வேண்டாம், விற்பவர் சிபாரிசு செய்யும் வழக்கறிஞரும் வேண்டாம்.

விசா விஷயம்: தற்காலிக விசாக்காரர்கள் ஏற்கெனவே கட்டிய வீடு வாங்க 2025 ஏப்ரல் முதல் 2027 மார்ச் வரை தடை இருக்கிறது. காலி மனை வாங்கலாம், ஆனால் வெளிநாட்டு முதலீட்டு அனுமதி முதலில் வாங்கி, 4 வருஷத்துக்குள் வீடு கட்டி முடிக்க வேண்டும். மேலும் விக்டோரியாவில் முத்திரைத் தீர்வையோடு வெளிநாட்டவருக்கு 8 சதவீதம் கூடுதல் வரி. பிஆர் (நிரந்தர வசிப்புரிமை) பக்கத்தில் இருக்கிறது என்றால் காத்திருங்கள். குடியுரிமையோ பிஆரோ உள்ள முதல் வீட்டுக்காரருக்கு 6,00,000 டாலர் வரை முத்திரைத் தீர்வையே இல்லை, புது வீட்டுக்கு 10,000 டாலர் மானியமும் உண்டு. மனையும் கட்டுமானமும் தனித்தனி ஒப்பந்தமாக இருந்தால் தீர்வை மனை விலைக்கு மட்டும்தான்.

பள்ளி?

அரசுப் பள்ளியில் உங்கள் முகவரி எந்த எல்லைக்குள் விழுகிறதோ அங்கேதான் இடம் உறுதி. கல்வித்துறையின் பள்ளி எல்லைத் தளத்தில் மனையின் இடத்தை வைத்துப் பாருங்கள். ஒரே சபர்பில் இரண்டு தெரு தள்ளி எல்லை மாறும்.

காபிள்பேங்க் வாசி: எங்கள் வீட்டுக்கு அருகே இவ்வளவு நிலம் வேலி போட்டு வெறுமனே கிடக்கிறது. ஏன் பூங்காவாக்கவில்லை?

குறிப்பிட்ட அந்த இடத்தின் கதை எனக்குத் தெரிய உங்கள் தெருப் பெயர் வேண்டும். ஆனால் இந்தப் பக்கம் அப்படி வேலி போட்ட நிலங்களில் சில பூர்வீகப் புல்வெளி. பார்க்க ஒன்றுமே இல்லாத மாதிரி இருக்கும். கங்காரு புல், கோல்டன் சன் மோத் என்கிற அந்துப்பூச்சி, கோடு போட்ட காலில்லாப் பல்லி, ஓடைக்கரையில் அழியும் நிலையில் உள்ள தவளை இதெல்லாம் அங்கேதான் வாழ்கின்றன. எரிமலைச் சமவெளிப் புல்வெளியில் மிகச் சிறு பகுதிதான் மிஞ்சியிருக்கிறது, 2008இல் மத்திய அரசு மிகவும் அழியும் நிலை என்று பட்டியலிட்டது.

நகரத்தை விரிக்க அனுமதி வாங்கும்போது, பதிலாக மேற்கில் 15,000 ஹெக்டேர் புல்வெளியை 2020க்குள் வாங்கிக் காப்பதாக மாநில அரசு வாக்குக் கொடுத்தது. 2020இல் மாநிலத் தணிக்கை அலுவலகம் பார்த்தபோது வாங்கியிருந்தது சுமார் 10 சதவீதம்தான். நம் வீடுகள் எழும்பியது அந்த வாக்கை வைத்துத்தான், அதனால் இதை யாரோ சூழலியல்காரர்களின் கவலை என்று என்னால் விட முடியவில்லை. வேலிக்குள் புல்வெட்டுக் குப்பை கொட்டுகிறவர்களைப் பார்த்தால் நகராட்சிக்குச் சொல்லுங்கள்.

அதே ஆள்: அந்தப் புல் கோடையில் தீப்பிடிக்காதா?

பிடிக்கும். 1969 ஜனவரி 8 அன்று இங்கிருந்து தெற்கே லாராவில் புல்தீ நெடுஞ்சாலையைத் தாண்டியபோது, காரை விட்டு இறங்கி ஓடியவர்களில் 17 பேர் இறந்தார்கள். காட்டுத்தீயை விடப் புல்தீ வேகமாக ஓடும். முழுத் தீத்தடை அறிவித்த நாளில் வெளியே பார்பிக்யூ, கிரைண்டர் வேலை வேண்டாம். எஸ்டேட்டின் கடைசி வரிசையில், திறந்த வெளியைப் பார்த்து வீடு இருந்தால் விக் எமர்ஜென்சி செயலியைப் போனில் போட்டு, உங்கள் இடத்தைக் கண்காணிப்பில் வையுங்கள். அப்படிப்பட்ட மனையில் வீடு குறைந்தது BAL 12.5 என்ற தீத்தாங்கும் தரத்தில் கட்ட வேண்டியிருக்கும், பில்டரின் விலையில் அது சேர்ந்திருக்கிறதா என்று கேளுங்கள்.

டீன்சைடில் மனை பார்த்தவர்: குப்பை நாற்றம் வரும் என்கிறார்களே?

ரேவன்ஹாலில் பெரிய குப்பை நிரப்பிடம் இருக்கிறது. தெற்குக் காற்று அடிக்கும் நாளில் ஒருமுறை, இரவில் ஒருமுறை மனைக்கு நேரில் போய் நின்று பாருங்கள். விற்பனை அலுவலகம் திறந்திருக்கும் ஞாயிற்றுக்கிழமை மதியம் மட்டும் போனால் இது தெரியாது.

கடைசியாக ஒருவர்: எங்கள் மனைக்குப் பின்னால் சுண்ணாம்பே வைக்காமல் அடுக்கிய பழைய கல்சுவர் இடிந்து கிடக்கிறது. கல்லை எடுத்துத் தோட்டத்தில் போடலாமா?

தொடாதீர்கள். பசால்ட் கற்களை வயலிலிருந்து பொறுக்கி அடுக்கிய இந்தச் சுவர்கள் 19ஆம் நூற்றாண்டுப் பண்ணைக் காலத்தவை, மெல்டன் நகராட்சி இவற்றைக் கணக்கெடுத்துப் பாதுகாக்கிறது. பாதுகாப்புப் பட்டியலில் உள்ள சுவரை இடிக்கவோ கல்லை எடுக்கவோ திட்ட அனுமதி வேண்டும். மனை எண்ணைச் சொல்லி நகராட்சித் திட்டப் பிரிவுக்கு மின்னஞ்சல் போடுங்கள், பட்டியலில் இருக்கிறதா என்று சொல்லிவிடுவார்கள். இருந்தால் சரிந்த பகுதியை அந்த வேலை தெரிந்தவரை வைத்து அதே கல்லால் மறுபடி அடுக்கச் சொல்லிக் கேளுங்கள். எஸ்டேட் போட்டவரின் பொறுப்பாகவும் அது இருக்கலாம், செக்‌ஷன் 173 ஒப்பந்தம் (நிலம் குறித்து உரிமையாளர் நகராட்சியோடு செய்துகொள்வது) ஏதாவது பத்திரத்தில் இருக்கிறதா என்று முதலில் பாருங்கள்.