சிங்கப்பூர்ப் பணத்தை ஊர் நிவாரணத்துக்கு வாங்கலாமா?

கேள்வி: எங்கள் ஊர் தலைஞாயிறு பக்கம். மழையில் வீடு இடிந்தவர்களுக்காக இளைஞர்கள் சேர்ந்து பணம் திரட்டுகிறோம். சிங்கப்பூர், மலேசியாவில் இருக்கும் ஊர்க்காரர்களும் தரத் தயார். டிரஸ்ட் நடத்தும் ஒருவர், தன் கணக்கில் வாங்கி 10 சதவீதம் கழித்துக்கொண்டு தருவதாகச் சொல்கிறார். சரிதானா?

ஆடிட்டர் பதில்: வேண்டாம் தம்பி. வெளிநாட்டு நன்கொடை வாங்க, எஃப்.சி.ஆர்.ஏ. எனும் வெளிநாட்டு நன்கொடை ஒழுங்குமுறைச் சட்டப்படி பதிவு வேண்டும். அது இல்லாமல் அவர் வாங்கினால் குற்றம். பதிவு இருந்தாலும், 2020 திருத்தத்துக்குப் பிறகு அந்தப் பணத்தை அவர் வேறு யாருக்கும் கைமாற்றக் கூடாது. ஒவ்வொரு புயலுக்குப் பின்னும் இப்படிச் சிலர் கிளம்பிவிடுகிறார்கள். “ஒரே வாரத்தில் பதிவு வாங்கித் தருகிறேன்” என்று யாராவது முன்பணம் கேட்டாலும் கொடுத்துவிடாதீர்கள். அந்தப் பதிவுக்கு அமைப்பு மூன்று வருடமாவது இயங்கியிருக்க வேண்டும்.

உங்களுக்கு அந்த டிரஸ்ட்காரரே தேவைப்படாமல் போகலாம். அனுப்புகிறவர் எந்த நாட்டு பாஸ்போர்ட் வைத்திருக்கிறார் என்று கேளுங்கள். இந்திய பாஸ்போர்ட் என்றால், சிங்கப்பூரில் பி.ஆர். (நிரந்தர வசிப்புரிமை) வாங்கி இருபது வருடமாக இருந்தாலும், தன் சொந்தச் சம்பாத்தியத்தை வங்கி வழியாக அனுப்பினால் அது வெளிநாட்டு நன்கொடை ஆகாது. அந்நாட்டுக் குடியுரிமை வாங்கியவர், கையில் ஓ.சி.ஐ. அட்டை (வெளிநாட்டுக் குடியுரிமை உள்ள இந்திய வம்சாவளியினருக்கு இந்திய அரசு தரும் அட்டை) இருந்தாலும், சட்டத்தின் கண்ணில் வெளிநாட்டவர்தான். அவர் பணத்தை உங்கள் குழு வாங்கக் கூடாது. அவர் தன் பங்கை இந்திய பாஸ்போர்ட் உள்ள அண்ணன் பெயரில் சேர்த்து அனுப்புவதும் தப்பு. அங்குள்ள சங்கமோ கம்பெனியோ தந்தாலும் இதே கதைதான். பதிவு உள்ள நிறுவனம் ஏதாவது உங்கள் ஊரில் நேரடியாக வேலை செய்தால் அதற்குக் கொடுக்கச் சொல்லுங்கள். உண்டியல் வழியாக, அதாவது வங்கியைத் தவிர்த்து ஆள் மூலம் கைமாற்றும் ஹவாலா வழியாக, பணம் வேண்டவே வேண்டாம்.

2018இல் கஜா புயல் அடித்தபோது அதிகாரிகள் வருமுன்பே ரோட்டில் கிடந்த மரங்களை வெட்டி வழிவிட்டது ஊர்ப் பிள்ளைகள்தான். அவர்களுக்கென்று எளிய வழி ஒன்றை இன்றுவரை யாரும் செய்து வைக்கவில்லை என்பது எனக்கு ஆறவே இல்லை.

அப்புறம், உள்ளூர்ப் பணம். ஒருவருடைய ஜிபேயில் வாங்காதீர்கள். உறவினர் அல்லாதவர்கள் தரும் தொகை வருடத்தில் 50,000 ரூபாயைத் தாண்டினால், அது அவருடைய வருமானமா என்று வரித்துறை கேட்கும். இரண்டு மூன்று பேர் சேர்ந்து இதற்கென்றே தனிக் கணக்கு தொடங்குங்கள். யார் தந்தார், எந்த வீட்டுக்கு எத்தனை தார்ப்பாய் போனது என்று நோட்டில் எழுதி, பில்லோடு சேர்த்து வையுங்கள். கேள்வி வந்தால் காட்ட அதுதான் இருக்கும்.