எழுத்து ஒன்று, உச்சரிப்பு வேறு என்றிருக்கும் அபூர்வமான ஆங்கிலச் சொற்கள் எவை? பொருளோடு சொல்ல முடியுமா?

இந்தக் கேள்விக்குப் பலரும் ‘ஆன்டிடிஸெஸ்டாப்ளிஷ்மென்டேரியனிசம்’ என்ற 28 எழுத்துச் சொல்லைத் தூக்கிக்கொண்டு வருவார்கள். அது வெறும் மிரட்டல். எழுத்துக்கூட்டிப் படித்தாலே வந்துவிடும். ஆளைக் கவிழ்ப்பவை சின்னஞ்சிறு பழைய சொற்கள்தாம், அவற்றில் நிறையக் கப்பலில் கிடக்கின்றன. தூத்துக்குடித் துறைமுகத்தில் சரக்குக் கப்பல்களின் காகித வேலை பார்ப்பவன் என்பதால் எனக்கு இவை அன்றாடப் புழக்கம்.

முதலில் போசன். எழுத்தில் ‘போட்ஸ்வெய்ன்’ என்றிருக்கும். மேல்தளத்தில் கயிறு, நங்கூரம், பெயின்ட் என எல்லா வேலைக்கும் மாலுமிகளை ஏவுகிறவர் இவர். ‘ஸ்வெய்ன்’ என்றால் பழைய நார்ஸ் என்ற வட ஐரோப்பிய மொழியில் பையன், ஏவலாள். நடுவிலிருந்த ஒலிகள் தேய்ந்து, ஒலிக்கிறபடியே ஐந்து ஆங்கில எழுத்தில் எழுதுவதையும் அகராதிகள் இன்று ஏற்கின்றன. எங்கள் ஊர்த் தோணியில் தலைவர் பெயர் தண்டல். ஆங்கிலேயர் அந்தச் சொல்லை ‘டிண்டல்’ ஆக்கி, இந்திய மாலுமிகளை மேய்க்கும் மேஸ்திரிக்கு வைத்தார்கள். அகராதியில் அதுவும் இருக்கிறது.

அடுத்தது ஃபோக்ஸல். எழுத்தில் ‘ஃபோர்காசில்’, அதாவது முன்கோட்டை. இடைக்காலப் போர்க்கப்பல்களின் முகப்பில் வில்லாளிகள் நின்று அம்பெய்யக் கோட்டை போல மேடை கட்டியிருந்தார்கள். கோட்டை போய்விட்டது, பெயர் மட்டும் கப்பலின் முன்பகுதியான அணியத்துத் தளத்தில் ஒட்டிக்கொண்டது. ‘கன்வேல்’ என்று எழுதிக் ‘கன்னல்’ என்று சொல்வது படகுப் பக்கத்தின் மேல்விளிம்பு (கரும்புக்கும் இதற்கும் சம்பந்தமில்லை, தமிழாசிரியர்கள் பொறுத்தருள்க). மாலுமிகள் ‘லூவர்ட்’ என்பது எழுத்தில் ‘லீவர்ட்’. காற்று வரும் பக்கத்துக்கு எதிர்ப்பக்கம்.

ஏன் இப்படி? பஸ்ஸின் பலகையில் ‘திருநெல்வேலி’ என்றிருக்கும், கண்டக்டர் ‘திருநவேலி’ என்றுதான் கூவுவார். 1986 வரை நாங்களும் அந்த மாவட்டம்தான், நாங்களும் அப்படித்தான் சொல்கிறோம். நாள் முழுக்க வாயில் புழங்கும் பெயர் தேயும். பலகை தேயாது.

கப்பல் அணையும் துறைமேடைக்கான ‘கீ’ மட்டும் வேறு ரகம். முன்பு ஆங்கிலேயர் இதைச் சாவியைப் போலவே எழுதினார்கள், ஒலியும் அதுவே. பிறகு பிரெஞ்சுக்காரர்களைப் பார்த்து எழுத்தை மாற்றிக்கொண்டு, ஒலியைத் தொடாமல் விட்டார்கள். புதிதாக வேலைக்கு வரும் பையன்கள் ‘குவே’ என்று படித்தால் நான் அவர்களைக் குறை சொல்வதில்லை.

இந்த உச்சரிப்புகளைத் தமிழில் குறித்துவைத்துக்கொள்வது பாதிக் கிணறுதான், ஏனென்றால் நாம் எல்லா அசையையும் ஒரே கனத்தில் சொல்லிவிடுவோம். அகராதியின் ஒலிக்குறியில் ஏதாவது ஓர் அசைக்கு முன்னால், மேலே ஒரு சிறு கோடு நிற்கும். அழுத்தம் அங்கே. ஆங்கிலச் சிறிய ‘ஈ’ (e) எழுத்தைக் கவிழ்த்தது போன்ற குறி வந்தால் அந்த உயிரொலியைப் பாதியிலேயே விழுங்கிவிட வேண்டும். போசன், ஃபோக்ஸல், கன்னல் மூன்றிலும் முதல் அசையில்தான் அழுத்தம். கடைசி அசை வந்ததும் போனதும் தெரியக் கூடாது.