பழைய படச்சுருள்களைத் தேடுவோர்: கேள்வி பதில்

ஆவணப்படங்களுக்குப் பழைய காட்சிகள் தேடித் தருவதுதான் உங்கள் தொழில் என்கிறார்கள். இணையத்திலேயே எல்லாம் கிடைக்கிறதே?

இணையத்தில் இருப்பது பெரும்பாலும் நகலின் நகல். வெட்டப்பட்டிருக்கும், வேகம் மாறியிருக்கும், தவறான தலைப்பும் ஒட்டியிருக்கும். மூலச்சுருள் யாரிடம் இருக்கிறது, காட்சியில் இருப்பது எந்த இடம், எந்த ஆண்டு, உரிமை யாருடையது ஆகியவற்றை உறுதி செய்வதே என் வேலை. ஒரு போரின் காட்சியை வேறொரு போருக்குப் போட்டுவிட்டால், பார்ப்பவர் மனத்தில் அதுவே வரலாறாகப் பதிந்துவிடும். இதில் நான் விட்டுக்கொடுப்பதே இல்லை.

ஆண்டை எப்படிக் கண்டுபிடிப்பீர்கள், ஐயா?

முதலில் சுருளின் ஓரத்தைப் பார்க்க வேண்டும். துளைகளை ஒட்டி வட்டம், சதுரம், முக்கோணம் போன்ற சிறு குறிகள் இருக்கும். கோடாக் நிறுவனம் 1916 முதல் தன் பிலிமில் இவற்றைப் பதித்தது. ஒரே குறி 20 ஆண்டுக்கு ஒருமுறை திரும்பி வரும் என்பதால் அதை மட்டும் நம்பக் கூடாது. அது பிலிம் தயாரான ஆண்டைத்தான் சொல்லும். படம்பிடித்த நாளை அல்ல. பிரிண்டில், அதாவது நெகட்டிவிலிருந்து எடுத்த திரையிடும் படியில், சில சமயம் இரண்டு குறிகள் தெரியும்: ஒன்று அந்தப் பிரிண்டுக்கு உரியது, மற்றது நெகட்டிவிலிருந்து ஒளி வழியே நகலானது. பூதக்கண்ணாடியில் அந்த இரண்டையும் பிரித்தறிந்துவிட்டால் பாதி வழக்கு தீர்ந்தது. மீதியைக் கார்களின் வடிவம், கடைப் பலகைகள், சுவரொட்டிகள், நிழலின் நீளம் எல்லாம் சொல்லும். அன்றைய நாளிதழையும் பக்கத்தில் வைத்துக்கொள்வேன்.

தாத்தாவின் பெட்டியில் ஒரு ரீல் கிடைத்தது. திறந்தால் காடி வாடை அடிக்கிறது. கெட்டுவிட்டதா?

அது அசிடேட் என்ற பிளாஸ்டிக்கில் செய்த பிலிம். சிதைவு தொடங்கிவிட்டது, ஆனால் படம் இன்னும் பிழைத்திருக்கலாம். மற்ற ரீல்களிலிருந்து பிரித்து, குளிர்ந்த, ஈரமில்லாத இடத்தில் வையுங்கள். சிதைவில் வெளியேறும் அமிலமே மேலும் சிதைவைத் தூண்டும்; நாள் கடத்தாமல் டிஜிட்டலுக்கு மாற்றுங்கள். புரொஜெக்டரில் மட்டும் ஓட்டிப் பார்க்காதீர்கள். சுருங்கிய பிலிம் கிழிந்துவிடும்.

ரீல் 35 மி.மீ. அகலமானதாகவும் 1950களின் தொடக்கத்துக்கு முந்தையதாகவும் இருந்தால், எளிதில் தீப்பற்றும் பழைய வகையான நைட்ரேட் பிலிமாக இருக்கக்கூடும். அது எரியும்போது தனக்கு வேண்டிய ஆக்சிஜனைத் தானே தரும். தண்ணீரில் மூழ்கடித்தாலும் அணையாது. வீட்டில் வைத்திருக்காமல் காப்பகத்துக்குத் தகவல் சொல்லுங்கள். தபாலில் அனுப்பவே கூடாது.

ரீல் என்னுடையது. அப்படியானால் அதிலுள்ள காட்சிகளை விற்கும் உரிமையும் எனக்குத்தானே?

இல்லை. கையில் இருப்பது பொருள், பதிப்புரிமை வேறு. சேகரிப்பாளர்கள் பலர் இங்கேதான் சிக்கிக்கொள்கிறார்கள்.

தொலைந்த படங்கள் இனியும் கிடைக்குமா?

கிடைக்கும். கனடாவின் டாசன் நகரில் 1978இல் கட்டட வேலைக்குத் தோண்டியபோது 500க்கும் மேற்பட்ட மௌனப்பட ரீல்கள் வெளிவந்தன. 1929இல் பழைய நீச்சல்குளத்தை மூடும்போது உள்ளே போட்டுப் புதைத்தவை அவை. உறைந்த மண்தான் அவற்றைக் காப்பாற்றியது. யாரும் அவற்றைப் பாதுகாக்க நினைக்கவில்லை என்பதை எண்ணும்போது இன்றும் எனக்கு மனம் பதறுகிறது.

இந்தத் துறைக்கு வர என்ன படிக்க வேண்டும்?

நூலகவியல், வரலாறு, திரைப்படம் எதுவானாலும் சரி. உங்கள் வீட்டு ரீல்களிலேயே தொடங்குங்கள்: டப்பாவில் எழுதியிருப்பதை அப்படியே நகலெடுங்கள், திரையில் தெரியும் முகங்களை மூத்தவர்களிடம் கேட்டுப் பெயர், ஊர், ஆண்டோடு குறித்துக்கொள்ளுங்கள். டப்பா துருப்பிடித்திருந்தால் ரீலை வேறு டப்பாவுக்கு மாற்றுங்கள். எழுத்துள்ள மூடியை எறிந்துவிடாதீர்கள்.