கூட்டாளி இல்லாத மேடை

வணக்கம். எனக்கு 56 வயது, லண்டனில் இருக்கிறேன். பகலில் கணக்கு வேலை. வார இறுதிகளில் தமிழ் விழாக்களில் நகைச்சுவை நிகழ்ச்சி. ஜோடி என் பெரியப்பா மகன். அண்ணன் அதட்டுவார், நான் அசடு வழிவேன். இருபது ஆண்டுகளுக்கும் மேலாக ஓடிய நிகழ்ச்சி. சென்ற ஆண்டு, "போதுமடா" என்று விலகிக்கொண்டார். சண்டை என்று எதுவும் இல்லை. இருந்திருந்தால் கோபப்பட்டாவது தீர்த்திருப்பேன். அதன்பின் ஒரு விழாவில் தனியாக ஏறினேன். ஒரு வசனம் சொல்லிவிட்டுப் பழக்க தோஷத்தில் இடப்பக்கம் திரும்பி, அவருடைய அதட்டலுக்காக நின்றேன். சபைக்கு ஒன்றும் புரியவில்லை.

இப்போது ஒரு நாடகக் குழு, மகனைப் பறிகொடுத்த தந்தையின் வேடத்துக்கு அழைக்கிறது. "எனக்கு எப்படிப் பொருந்தும்?" என்றேன். "ஜிம்மி ஜுவல் செய்யவில்லையா?" என்றார் இயக்குநர். தேடிப் படித்தேன். பழைய ஆங்கில நகைச்சுவை நடிகர். அவருக்கும் உறவுக்காரர்தான் ஜோடி! அன்றிலிருந்து சரியான தூக்கமில்லை. நான் தலையைக் காட்டினாலே சிரிக்கும் சபை, அழும்போது மட்டும் சும்மா இருக்குமா? ஒப்புக்கொள்ளலாமா?

– பெயர் வேண்டாம், லண்டன்

அன்புள்ள நண்பருக்கு,

இயக்குநர் சரியான ஆளைத்தான் காட்டினார். நடுவில் இருந்த ஆண்டுகளைச் சொல்லாமல் விட்டுவிட்டார்.

ஜுவல் 1909இல் ஷெஃபீல்டில் பிறந்தவர். அப்பாவும் மேடைக் கலைஞர். பென் வாரிஸ் அதே ஆண்டு, சில மாதங்கள் முன்னதாகப் பிறந்த உறவுச் சகோதரர்; இருவரும் பிறந்தது ஒரே கட்டிலில் என்பார்கள். 1934இல் ஜோடி சேர்ந்தார்கள். வாரிஸ் மிடுக்காக மிரட்டுவார், ஜுவல் ஏமாளி. உங்கள் வீட்டுக் கதையேதான். 1947இல் தொடங்கிய 'அப் த போல்' வானொலித் தொடர் இவர்களை நாடறியச் செய்தது. பிறகு தொலைக்காட்சி வந்தது. பாட்டு, நகைச்சுவை எனக் கலந்து நடத்தும் வெரைட்டி அரங்குகள் ஒவ்வொன்றாக மூடின. 1966இல் இருவரும் பிரிந்தார்கள்.

அடுத்து நடந்ததைக் கவனியுங்கள். 1968இல் 'நியரஸ்ட் அண்ட் டியரஸ்ட்' தொலைக்காட்சித் தொடரில் ஊறுகாய்த் தொழிற்சாலையைப் பரம்பரைச் சொத்தாகப் பெறும் சகோதரனாக ஜுவல் நடித்தார். சகோதரியாக வந்த ஹில்டா பேக்கருக்கும் அவருக்கும் படப்பிடிப்புக்கு வெளியே ஆகவே ஆகாது. தொடர் என்னவோ 1973 வரை ஓடியது. புது ஜோடி கிடைத்தால் பழைய நெருக்கமும் கூடவே வந்துவிடும் என்று நம்புகிறவர்கள் இதை நினைத்துக்கொள்ளலாம்.

1975இல்தான் நாட்டிங்ஹாம் பிளேஹவுஸில் ட்ரெவர் கிரிஃபித்ஸின் 'காமெடியன்ஸ்' நாடகம். இரவு வகுப்பில் நகைச்சுவை கற்றுத்தரும் ஓய்வுபெற்ற கோமாளி, எடி வாட்டர்ஸ். போருக்குப் பின் நாஜி வதைமுகாம் ஒன்றைப் பார்த்ததை அவர் விவரிக்கும் இடம் அதில் உண்டு. அதைப் பேசியவர் அசடு வழிந்தே பேர் வாங்கிய ஜுவல். பிரிவுக்கும் இதற்கும் இடையே ஒன்பது ஆண்டுகள். நீங்களோ ஓராண்டிலேயே அங்கே போய் நிற்கவில்லையே என்று தூக்கத்தைத் தொலைக்கிறீர்கள்.

உங்கள் கடிதத்தில் இரண்டு சங்கதிகள் பின்னிக் கிடக்கின்றன. அண்ணனின் பிரிவு ஒன்று, வேடத்தைப் பற்றிய பயம் இன்னொன்று. முதலாவது துக்கம்தான். யாரும் சாகவில்லையே என்று அதைச் சிறிதாக்காதீர்கள். அண்ணனிடம் பேசுங்கள், திரும்பி வரும்படி கேட்பதற்காக அல்ல. இடப்பக்கம் திரும்பி நின்றதை எனக்கு எழுதியதுபோல அவரிடமும் சொல்லுங்கள். அவருக்கும் அப்படி ஏதாவது இருக்கக்கூடும்.

வேடத்தை ஏற்றுக்கொள்ளலாம் என்பதே என் எண்ணம். முதல் காட்சியில் சிலர் சிரிப்பார்கள், சிரிக்கட்டும். சிரிப்பு அடங்கும்வரை அடுத்த வரியைப் பிடித்து வைத்திருக்க உங்களுக்குத் தெரியும். அந்தத் தந்தைக்கும் அதுவே வேண்டும். ஒத்திகையில் இடப்பக்கம் யார் நிற்கிறார்கள் என்று இயக்குநரிடம் முன்பே கேட்டுக்கொள்ளுங்கள். முதல் சில நாட்கள் அந்த ஆளோடு வசனம் பாருங்கள். தூக்கம் இன்னும் சில வாரங்கள் இப்படியே கெட்டால், ஒத்திகை முடியட்டும் என்று தள்ளிப்போடாமல் குடும்ப மருத்துவரைப் பாருங்கள்.